உழாமல் விளையும் சோறு

மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூருக்கும் கோத்தகிரிக்கும் ஏறும் மலைச்சாலைகளில், மே மாதம் பிறந்துவிட்டால் வண்டியோட்டிகளுக்குக் கண் இரண்டு போதாது. பர்லியாறு, குஞ்சப்பனைப் பக்கம் பலா பழுக்கத் தொடங்கியிருக்கும். அந்த வாசனை கீழ்க்காட்டில் மேயும் யானைகளை மேலே இழுத்து வந்துவிடும். முன்காலைத் தண்டில் ஊன்றி, துதிக்கையை நீட்டிப் பழத்தைப் பறித்து, மிதித்துப் பிளந்து யானை தின்பதை அங்குள்ளவர்கள் ஆண்டுதோறும் பார்க்கிறார்கள். ஊருக்குள் யானை வராமலிருக்கப் பழுக்கும் முன்பே காய்களை இறக்கிவிடுவதும் உண்டு. செய்தித்தாள்கள் இதை யானைத் தொல்லை என்று எழுதுகின்றன. மரத்தின் பக்கமிருந்து பார்த்தால் இது மிகப் பழைய கொடுக்கல் வாங்கல். சுளை யானைக்கு, கொட்டையைத் தொலைவில் கொண்டுபோய்ப் போடும் வேலையும் யானைக்கு.

அந்தக் கணக்கில் பிற்பாடு சேர்ந்தவன் மனிதன். அவன் பலாவுக்குக் கொடுத்த பட்டங்களுக்குக் குறைவில்லை. முக்கனியில் ஒன்று. தமிழ்நாட்டின் மாநிலப் பழம். 2018 முதல் கேரளத்தின் மாநிலப் பழம். வங்கதேசத்தின் தேசியப் பழம். உலகில் பலா மிகுதியாக விளையும் நாடு இந்தியா. இருந்தும் இங்கே அது தோட்டத்து ஓரத்தில், வேலி மூலையில், காப்பிக்கும் மிளகுக்கும் நிழல் தரும் துணை மரமாகவே பெரும்பாலும் நிற்கிறது. பருவத்தில் மரத்தடியிலேயே பழம் அழுகிக் கிடக்கிறது. இவ்வளவு உணவு தரும் மரத்தைப் பிறந்த மண் ஏன் பயிராக மதிக்கவில்லை? இப்போது உலகச் சந்தை அதைத் தேடி வரும்போது அதை எப்படி வளர்க்க வேண்டும்? இரண்டு கேள்விகளுக்கும் விடை தேடுபவர் முதலில் காட்டுக்குள் போக வேண்டும்.

பலாவை வீட்டு மரம் என்றே நினைத்துப் பழகிவிட்டோம். அதன் பிறப்பிடம் மேற்குத் தொடர்ச்சி மலையின் பசுமைமாறா மழைக்காடு. அங்கே நெடுமரங்களுக்கு நடுவே, 20 மீட்டருக்கும் மேல் வளர்ந்து நிற்கும் காட்டுப் பலாவை இன்றும் பார்க்கலாம். அத்தி, ஆல், அரசு, முசுக்கொட்டை ஆகியவற்றின் குடும்பம் அது. மேற்கு மலைக்கே உரிய அயினி அதற்கு நெருங்கிய உறவு. தென்கடல் தீவுகளிலிருந்து வந்த ஈரப்பலாவும் அப்படியே. தாவரவியலார் சூட்டிய பெயர் ஆர்ட்டோகார்ப்பஸ் ஹெட்டரோஃபில்லஸ். முற்பாதிக்குக் கிரேக்க மொழியில் ரொட்டிப் பழம் என்று பொருள். பிற்பாதிக்கு வேறுபட்ட இலைகள் கொண்டது என்று பொருள். கன்றாக இருக்கும்போது இலை மடல் மடலாகப் பிளந்திருக்கும், மரமானதும் முழு இலையாகிவிடும் என்பதைக் கவனித்து வைத்த பெயர்.

பழம் தண்டில் காய்ப்பது மழைக்காட்டு மரங்கள் பலவற்றின் வழக்கம். கோக்கோவும் அப்படித்தான் காய்க்கிறது. 10 கிலோ, 20 கிலோ, சில வேளை 50 கிலோவை நெருங்கும் ஒரு பாரத்தைக் கிளை நுனி தாங்காது என்பது கண்ணுக்குத் தெரியும் காரணம். அடர்காட்டின் நிழலில் தாழப் பறக்கும் பூச்சிக்கும், தரையில் நடக்கும் விலங்குக்கும் பூவும் பழமும் கைக்கெட்டும் இடத்தில் இருக்கின்றன என்பது அடுத்தது. முதிர்ந்த மரங்களில் பழம் இன்னும் கீழே இறங்கி, வேரிலேயே காய்த்து மண்ணைப் பிளந்துகொண்டு வெளிவரும். வேர்ப்பலா என்று அதற்குத் தமிழில் தனிப்பெயரே உண்டு. குறுந்தொகையின் 18ஆம் பாடலில் கபிலர், காவலுள்ள மலைச்சாரலின் வேர்ப்பலாவையும், மெல்லிய கொம்பில் தொங்கும் கனத்த பழத்தையும் அருகருகே வைத்துக் காதலின் பாரத்தைச் சொல்லிவிட்டார். தாவரவியலார் இன்று பேசும் அந்தப் பாரக் கணக்கைக் குறிஞ்சி நிலத்தில் நின்று பார்த்தவரின் கண் அது.

ஒரு பழம் என்று தோளில் தூக்கி வருவது உண்மையில் நூற்றுக்கணக்கான பழங்களின் கூட்டு. ஒவ்வொரு சுளையும் ஒரு பூ. தோலில் இருக்கும் ஒவ்வொரு முள்ளும் ஒரு பூவின் நுனி. சுளைகளுக்கு நடுவே நார் நாராக நெருங்கிக் கிடப்பவை கருத்தரிக்காமல் போன பூக்கள். ஆகவே நார் மிகுந்து சுளை குறைந்த பழத்தை வெட்டினால் மகரந்தம் சரியாகச் சேரவில்லை என்று பொருள். மகரந்தத்தைச் சேர்ப்பது யார் என்பது வெகுகாலம் தெளிவில்லாமல் இருந்தது. காற்று என்றார்கள், பல்வேறு பூச்சிகள் என்றார்கள். அமெரிக்காவின் ஃபுளோரிடாவில் நட்டு வளர்த்த மரங்களை வைத்துச் செய்த ஆய்வொன்று 2018-ல் வெளியானது. ஆண் பூங்கொத்தில் பூஞ்சை படர்கிறது. அந்தப் பூஞ்சை படர்ந்த கொத்தை நாடி, கொசுவிலும் சிறிய ஈ ஒன்று வருகிறது. அதன் உடம்பில் ஒட்டிய மகரந்தம் பெண் பூங்கொத்துக்குப் போகிறது. அந்த ஈ அதுவரை அறிவியலுக்கே புதிய இனம்.

இந்தச் செய்தி தோட்டக்காரருக்கு நேரடியாகப் பயன்படும். விரல் பருமனில் தோன்றி, கறுத்து, பூசணம் பூத்து உதிரும் சிறு கொத்துகளைப் பிஞ்சு அழுகல் என்று எண்ணி மருந்தடிப்பவர்கள் பலர். அவற்றில் பெரும்பாலானவை வேலை முடித்துவிட்டு உதிரும் ஆண் பூக்கள். மருந்து அந்த ஈயையும் கொன்றுவிடக்கூடும். பிறகு வெட்டும் பழத்தில் நார்தான் மிஞ்சும்.

காட்டிலிருந்து ஊருக்கு வந்த பலாவை மனிதர்கள் முதலில் பழமாகக் கொண்டார்களா, சோறாகக் கொண்டார்களா? புறநானூற்றின் 109ஆம் பாடலைப் படிப்பவருக்கு இதில் ஐயம் எழாது. பாரியின் பறம்பு மலையை மூவேந்தரும் முற்றுகையிட்டபோது, இந்த மலையைப் பட்டினி போட்டு வெல்ல முடியாது என்று கபிலர் எச்சரிக்கிறார். அதற்கு அவர் காட்டும் சான்று, உழவில்லாமலே அந்த மலை தரும் நான்கு பொருள்கள்: மூங்கில் நெல், பலா, வள்ளிக்கிழங்கு, தேன். படை சூழ்ந்து வயல் பறிபோனாலும் மலைக்காரனுக்குச் சோறு உண்டு என்பது வாதம். போர்க்கால உணவுக் கணக்கில் பலாவுக்கு இடம் கொடுத்த மிகப் பழைய குறிப்புகளில் ஒன்று இது. திருக்குற்றாலக் கோயிலின் தலமரமும் குறும்பலா. அருவி இறங்கும் மழைக்காட்டின் அடிவாரத்தில் இருக்கும் கோயிலுக்கு வேறெந்த மரம் பொருந்தும்?

வெளியிலிருந்து வந்தவர்கள் வியந்து பார்த்தார்கள். 14ஆம் நூற்றாண்டில் வந்த இப்னு பதூதா, தரையை ஒட்டிக் காய்ப்பது பார்க்கி, மேலே காய்ப்பது ஷாக்கி, கீழே காய்ப்பதே இனிப்பு மிகுந்தது என்று எழுதினார். வருக்கையும் சக்கையும் அந்தப் பெயர்களுக்குள் ஒலிப்பது தமிழ் வாசகருக்கு உடனே கேட்கும். அதே நூற்றாண்டில் கொல்லத்தில் தங்கிய போப்பாண்டவரின் தூதர் மரிஞ்ஞோல்லியும் இந்தத் தண்டுக் கனியைக் குறித்து வைத்தார். முகலாயப் பேரரசர் பாபருக்கு மட்டும் இது பிடிக்கவேயில்லை. ஆட்டுக் குடலைப் புரட்டி வைத்ததைப் போல் இருக்கிறது என்றார். மலையாளச் சக்கை போர்த்துகீசியர் வாயில் ஜாக்கா ஆகி, அங்கிருந்து ஆங்கிலத்தில் ஜாக் ஆயிற்று. ஆம்ஸ்டர்டாமில் 1678 முதல் 1693 வரை 12 தொகுதிகளாக அச்சான ஹோர்த்துஸ் மலபாரிக்குஸ் நூலிலும் அது மலையாளப் பெயரோடுதான் இருக்கிறது.

மேற்கு மலைக்கு வெளியே பலாவைச் சோறாகவே மதித்த நாடு இலங்கை. பிஞ்சுக்குப் பொலொஸ், முற்றிய காய்க்குக் கொஸ், இறுகிய சுளைப் பழத்துக்கு வரக்கா, குழைந்த சுளைப் பழத்துக்கு வெல என்று சிங்களத்தில் ஒரே காய்க்கு நான்கு பெயர்கள் இருக்கின்றன. மரத்துக்கே பத் கச, அதாவது சோற்று மரம் என்று பெயர். காய்ச்சுளையை வெயிலில் உலர்த்தி அடுத்த பருவம் வரை வைத்துக்கொள்வதும், கொட்டையை மணலில் புதைத்து வைத்து எடுத்துச் சமைப்பதும் அங்கே பழைய வழக்கம். 1915 கலவர காலத்தில் ஆங்கிலேயரால் சிறைவைக்கப்பட்ட பாணந்துறை தோட்ட முதலாளி ஆர்தர் வி. டயஸ், விடுதலையான பிறகு நாடெங்கும் பலா நடும் இயக்கத்தைத் தொடங்கினார். சுதந்திரம் கேட்கும் நாடு சோற்றுக்குக் கப்பலை எதிர்பார்த்து நிற்கக் கூடாது என்பது அவர் எண்ணம். மக்கள் அவரைக் கொஸ் மாமா என்றே அழைத்தார்கள். 1951ஆம் ஆண்டின் மரம் வெட்டுதல் கட்டுப்பாட்டுச் சட்டம் பலாவையும் ஈரப்பலாவையும் பனையையும் அனுமதியில்லாமல் வெட்டக் கூடாது என்றது. மரத்தை உணவுப் பாதுகாப்பாக எண்ணி எழுதிய சட்டம். 2022-ல் பொருளாதாரம் சரிந்து அரிசி விலை எட்டாத உயரத்துக்குப் போனபோது, ஏழைக் குடும்பங்கள் பல பலாவைத் தின்றே நாள்களைக் கடத்தின. டயஸ் காலத்துக் கன்றுகளின் கணக்கு நூறாண்டு கழித்து இப்படி வரவில் ஏறியது.

பலாவின் பெருமையும் சிறுமையும் இங்கேதான் ஒன்றாக இருக்கின்றன. கேரளத்திலும் மழைக்கால மாதங்களில் சக்கைப் புழுக்கே வேளை உணவாக இருந்த வீடுகள் ஏராளம். 1942-ல் பர்மா அரிசி வராமல் நின்றபோது மரவள்ளிக் கிழங்கோடு பலாவும் வயிற்றைக் காத்தது. பஞ்சத்தில் கைகொடுத்த உணவுக்குப் பஞ்சத்தின் நினைவும் ஒட்டிக்கொள்கிறது. நியாயவிலைக் கடையில் அரிசி கிடைக்கத் தொடங்கியதும், அரிசி வாங்க முடியாதவரின் உணவு என்ற முத்திரை பலா மேல் விழுந்தது. விருந்தாளிக்குப் பழத்தை அறுத்து வைப்பவர்கள் காயைப் புழுக்கி வைக்கக் கூச்சப்பட்டார்கள். பிறந்த மண் பலாவை ஒதுக்கியதற்குச் சுவையோ சத்தோ காரணம் ஆகாது. இந்தக் கூச்சமே முதல் காரணம் என்று துணிந்து சொல்லலாம்.

மற்றக் காரணங்கள் மரத்திலேயே இருக்கின்றன. ஆள் ஏறிக் கயிறு கட்டி இறக்க வேண்டும். வெட்டினால் பால் கையிலும் கத்தியிலும் ஒட்டும். எண்ணெய் தடவாமல் வேலை ஆகாது. பழுத்தால் இரண்டு மூன்று நாள்களுக்குள் விற்றாக வேண்டும். எல்லாவற்றையும் விடப் பெரிய சிக்கல், கொட்டையிலிருந்து முளைத்த பலா தாயைப் போல் இருப்பதில்லை. இறுகிய சுளைகொண்ட வருக்கைப் பழத்தின் கொட்டை, குழைந்த சுளைக் கூழனாகவும் வரலாம். ஐந்து முதல் எட்டு ஆண்டு காத்திருந்து முதல் பழத்தை வெட்டினால்தான் தெரியும். நெல்லுக்கும் கரும்புக்கும் பழகிய வேளாண்மைத் துறைகள் இத்தகைய மரத்தைத் திட்டத்துக்குள் அடக்க முடியாமல் விட்டுவிட்டன.

விதிவிலக்காக நிற்கிறது பண்ருட்டி. மழைக்காட்டிலிருந்து வெகு தொலைவில், வங்கக் கடலுக்கு அருகே, கடலூர் மாவட்டத்தின் செம்மண்ணில் முந்திரியோடு சேர்ந்து பலா வேர்பிடித்தது. தண்ணீர் தேங்காத மண் என்பதே அதன் பலம். வேரில் நீர் நின்றால் பலா பிழைக்காது. மாளிகம்பட்டில் நூற்றாண்டுகளைக் கடந்து நிற்கும் ஒரு மரத்துக்கு ஆயிரங்காய்ச்சி என்று பெயர். பண்ருட்டி மண்டிகளில் பழத்தை விரலால் தட்டி, எழும் ஓசையைக் கேட்டே முற்றலா இளசா என்று சொல்லிவிடுவார்கள். முள் அகன்று படிந்திருப்பதும் ஓர் அடையாளம். இப்பகுதிப் பணிக்கன்குப்பத்து மரம் ஒன்றிலிருந்து தேர்ந்தெடுத்ததே வேளாண் பல்கலைக்கழகத்தின் பாலூர் 1 ரகம். உழவர் வீட்டு மரத்தைத்தான் ஆராய்ச்சி நிலையம் ரகமாக்கியது என்பதை நினைவில் வைக்க வேண்டும்.

அந்தப் பண்ருட்டியை 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் அடித்துப் போட்டது. பாட்டன் நட்ட மரங்கள் ஒரே காலையில் வேரோடு சாய்ந்தன. நெல் போனால் அடுத்த பட்டத்தில் விதைக்கலாம். 80 ஆண்டு மரம் போனால் அந்தக் குடும்பத்தின் வரவு ஒரு தலைமுறைக்குப் போகிறது. இழப்பீட்டுக் கணக்குகள் இந்த வேறுபாட்டை இன்னும் முழுமையாக ஏற்கவில்லை. மரப்பயிருக்கு மரத்தின் வயதையும் காய்ப்பையும் பார்த்துத் தொகை தர வேண்டும்.

மரம் சாய்ந்த பிறகும் பலா வீணாவதில்லை. பொன்மஞ்சள் வைரமுள்ள அந்தக் கட்டை எளிதில் கறையானுக்கு இரையாகாது. தஞ்சாவூர் வீணையின் குடமும் தண்டும், மிருதங்கக் கட்டையும், தவிலும் பலாவில் கடைந்தவை. 2013-ல் புவிசார் குறியீடு பெற்ற தஞ்சாவூர் வீணையில், ஒரே கட்டையிலிருந்து குடைந்தெடுப்பது ஏகாண்ட வீணை. அதற்குப் பருத்த, பழைய மரம் வேண்டும். கட்டையை வேகவைத்து எடுத்த மஞ்சள் சாயத்தில் துவராடை தோய்ப்பது இலங்கை, பர்மா, தாய்லாந்து நாட்டுப் பிக்குகளின் மரபு.

மனிதன் கொண்டுபோன இடத்திலெல்லாம் பலா பணிவாக இருந்துவிடவும் இல்லை. போர்த்துகீசியர் வழியே பிரேசிலுக்குப் போன பலா, ரியோ டி ஜெனிரோ நகரை ஒட்டிய திஜூக்கா காட்டில் இன்று அன்னியப் படையெடுப்பு மரமாகக் கருதப்படுகிறது. 19ஆம் நூற்றாண்டில் காப்பித் தோட்டங்களால் மொட்டையான மலையில் மறுபடி காடு வளர்த்தபோது, பலா அங்கே தன் மழைக்காட்டைக் கண்டுகொண்டது. ஒரு மரத்தில் நூறு பழம், ஒரு பழத்தில் நூறு இருநூறு கொட்டை, விழுந்த இடத்திலேயே முளைக்கும் ஆற்றல். உள்ளூர் மரங்களின் கன்றுகள் அதன் நிழலில் தலையெடுக்கத் திணறுகின்றன. அங்கே வனக் காவலர்கள் பலாவின் பட்டையைச் சுற்றி உரித்துக் கொல்கிறார்கள். மேற்கு மலையில் அந்தக் கொட்டைகளைத் தின்னவும் மிதிக்கவும் பரப்பவும் யானையும் குரங்கும் மலையணிலும் இருக்கின்றன. சொந்தக் காட்டில் ஒரு மரம் அளவோடு இருப்பது இந்தக் கூட்டத்தால்தான்.

இன்றைய சந்தை பலாவைக் கண்டுகொண்ட வழி வேறு. இளங்காயின் நார் இறைச்சியைப் போல் பிரிவதால், மேலை நாடுகளில் புலால் தவிர்ப்பவர்கள் அதைத் தேடி வாங்குகிறார்கள். தாய்லாந்து டப்பாக்கள் அங்கே கடைகளை நிரப்புகின்றன. பலாமூசைப் பொடிமாஸாகவும், இடிச்சக்கைத் துவரனாகவும் சமைத்துக்கொண்டிருந்த மண்ணுக்கு இது புதிய பண்டமே அல்ல. நீரிழிவுக்குப் பலாக்காய் மாவு நல்லது என்ற பேச்சும் வலுத்திருக்கிறது. 2021-ல் வெளியான ஸ்ரீகாகுளம் ஆய்வு, 12 வாரம் நாளொன்றுக்கு 30 கிராம் மாவை அரிசி அல்லது கோதுமைக்குப் பதிலாகச் சேர்த்தவர்களின் சர்க்கரை அளவு குறைந்ததாகச் சொன்னது. ஆனால் அதில் பங்கேற்றவர்கள் 40 பேர்தான். இதை மருந்து என்று விளம்பரம் செய்வது தவறு. மாத்திரையை நிறுத்துவது ஆபத்து. பொட்டாசியம் மிகுந்த உணவு என்பதால் சிறுநீரக நோயாளிகள் மருத்துவரைக் கேட்டே உண்ண வேண்டும்.

சந்தை கேட்பது ஒரே அளவு, ஒரே நிறம், ஒரே பருவம். அதற்கு ஒட்டுக்கன்று வேண்டும். மூன்று நான்கு ஆண்டில் காய்க்கும் வியட்நாம், தாய்லாந்து ரகங்கள் கேரளத்திலும் தமிழ்நாட்டிலும் வேகமாகப் பரவுகின்றன. சிறிய பழம், குறைந்த பால், தரையிலிருந்து பறிக்கும் உயரம். உழவர் அதை விரும்புவதில் குற்றமில்லை. ஆனால் புதுக்கன்றுக்கு இடம் விடப் பழைய மரங்களை வெட்டும்போது, கொட்டையால் பெருகிய பலாவின் பன்மை போய்விடுகிறது. தேன்சுளை, செஞ்சுளை, மார்கழியில் காய்ப்பது, ஆண்டுக்கு இருமுறை காய்ப்பது என்று மரத்துக்கு மரம் மாறும் அந்தச் செல்வம் இந்தப் பிறந்த மண்ணில்தான் இருக்கிறது.

இரண்டையும் சேர்த்துச் செய்யலாம் என்பதற்குக் கருநாடகத்தில் சான்று உண்டு. துமகூரு மாவட்டம் சேளூரில் ஓர் உழவர் வீட்டில் நிற்கும் மரம், செம்பு நிறச் சுளையும் மூன்று கிலோவுக்குள் அடங்கும் பழமும் கொண்டது. பெங்களூரு ஹெசரகட்டாவிலுள்ள இந்தியத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிறுவனம் அதைச் சித்து என்ற பெயரில் ஒட்டுக்கன்றாகப் பெருக்கியது. கன்று விற்பனை வருவாயில் 75 விழுக்காடு அந்த உழவர் குடும்பத்துக்கு என்று ஒப்பந்தம் போட்டது. மரம் வீட்டில் நிற்கிறது, ரகமும் பரவுகிறது, மரத்துக்குரியவருக்குப் பணமும் வருகிறது. பலாவுக்கு இதைவிடப் பொருத்தமான வழி இதுவரை வந்ததில்லை. பண்ருட்டியிலும் குமரி மாவட்டத்திலும் நீலகிரிச் சரிவுகளிலும் நல்ல மரங்களை ஊர் ஊராகப் பதிவுசெய்து இதே முறையைக் கொண்டுவர வேண்டும். பழத்தை நகரத்துக்கு ஏற்றுவதற்கு முன், காய்ச்சுளையை உலர்த்தும் கூடங்கள் ஊரிலேயே வர வேண்டும். மலையோரத்தில் யானைக்குரிய காட்டுப் பலாவைக் காட்டுக்கே விட வேண்டும்.

இந்தப் பருவத்தில் ஒரு நல்ல பழம் உங்கள் வீட்டுக்கு வந்தால், கொட்டைகள் எல்லாவற்றையும் சாம்பாருக்கு எடுத்துவிடாதீர்கள். மழைக்காட்டு மரத்தின் விதைக்கு உறக்கம் கிடையாது, காய்ந்தால் செத்துவிடும். தேர்ந்த இரண்டு கொட்டைகளைக் கழுவி, நீர் தேங்காத இடமாகப் பார்த்து, அந்த வாரத்துக்குள் ஊன்றிவிடுங்கள். பலாவின் ஆணிவேர் இடமாற்றத்தைப் பொறுக்காது. எங்கே மரம் நிற்க வேண்டுமோ அங்கேயே ஊன்ற வேண்டும்.